பென் டிரைவ் பிரசாதம்

மதுரை டவுனிலும், அதைச் சுற்றியுள்ள திருமங்கலம், உசிலம்பட்டி, மேலூர், வாடிப்பட்டி முதலிய ஊர்களிலும் எலக்ட்ரானிக்ஸ் படிக்கின்ற பிள்ளைகளுக்குள் வெகு காலமாக ஒரு பிரசாதம் வினியோகமாகி வருகின்றது. அது பொங்கலுமல்ல, புளியோதரையுமல்ல. பென் டிரைவில் அடைத்த ஒரு சாப்ட்வேர். மின்சுற்றைக் கம்பியும் ஈயமும் இல்லாமல் கம்ப்யூட்டர் திரையிலேயே கட்டி ஓட்டிப் பார்ப்பதற்கான சாப்ட்வேர். சீனியர் ஜூனியருக்குக் கொடுக்கின்றான். அந்த ஜூனியர் மறு வருஷம் சீனியராகித் தனக்குக் கீழே வந்தவனுக்குக் கொடுக்கின்றான். முதலில் இதைச் செய்தவர் யார் என்று கேட்டால் ஒருவருக்கும் தெரியாது. எந்த வருஷத்தியது என்று கேட்டால் அதுவும் தெரியாது. உள்ளே என்ன இருக்கின்றது என்று கேட்டாலோ, "அதெல்லாம் எதுக்குண்ணே, ஓடுதுல்ல?" என்பதே பதில். நமக்கு இந்தப் பதில் புதிதல்ல. வேறு பல இடங்களில், வேறு பல பெரியவர்களிடம் இதே பதிலைக் கேட்டுக் கேட்டுக் காது புளித்தவர்கள் நாம்.

இதற்குப் "போர்ட்டபிள்" என்று பெயர். அதாவது, கம்ப்யூட்டரில் முறைப்படி நிறுவ வேண்டியதில்லை. பென் டிரைவிலிருந்தே திறந்து ஓட்டலாம் என்பதாகும். அதனுடன் கூடவே ஒரு சிறு குறிப்பும் வரும். அதில் முதல் வரி என்ன தெரியுமா? "திறக்குமுன் ஆண்டிவைரஸை அணைத்துவிடவும்" என்பதுதான். காவல்காரனை வீட்டுக்கு அனுப்பிவிட்டுக் கதவைத் திறந்து வை, நான் வருகிறேன் என்று முகந்தெரியாத ஒருவன் கடிதம் எழுதினால், நமது கிராமத்துப் பாட்டி கூட ஊரைக் கூட்டிவிடுவாள். ஆனால் மூன்று வருஷம் டிப்ளமோ படித்த பிள்ளை கேள்வி கேட்காமல் அணைத்துவிடுகின்றான்.

இதை நாம் எழுத நேர்ந்த காரணத்தைச் சொல்லிவிடுகின்றோம். உசிலம்பட்டிப் பக்கத்தில் ஒரு கிராமத்துப் பையன், நமது தோழர் ஒருவரின் தங்கை மகன். பாலிடெக்னிக்கில் கடைசி வருஷம். குடும்பத்தில் பத்தாவதைத் தாண்டிய முதல் ஆள் அவன்தான். தாய் கூலி வேலை செய்து, தவணைக் கடனில் ஒரு லேப்டாப் வாங்கிக் கொடுத்திருந்தாள். புராஜெக்ட் ஒப்படைக்க ஒன்பது நாட்கள் இருக்கும்போது அவன் நம்மிடம் அந்த லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு வந்தான். திறந்து பார்த்தால் எழுதிய ரிப்போர்ட், வரைந்த மின்சுற்று, எடுத்த படம், தங்கையின் சடங்கு வீடியோ உட்பட எல்லாக் கோப்புகளின் வாலிலும் ஒரு புரியாத சொல் ஒட்டிக் கொண்டிருந்தது. ஒன்றும் திறக்கவில்லை. ஒவ்வொரு அறையிலும் ஆங்கிலத்தில் ஒரு சீட்டு: 980 டாலர் கொடுத்தால் திறந்து தருகிறோம், 72 மணி நேரத்துக்குள் வந்தால் பாதி விலை, 490 டாலர். ஆடிக் கழிவு மாதிரி தள்ளுபடி வேறு! அந்தத் தாய் ஒரு வருஷம் மண் வெட்டினாலும் மிச்சம் பிடிக்க முடியாத பணம். "கடைசியாக என்ன திறந்தாய்?" என்று கேட்டோம். பென் டிரைவைக் காட்டினான்.

அந்தப் பூட்டு நம்மால் திறக்க முடியாத பூட்டு. திறந்து தருகிறோம் என்று விளம்பரம் செய்யும் ஆசாமிகளிடம் போக வேண்டாம் என்று மட்டும் சொன்னோம். எட்டு நாட்கள் ராப்பகலாய் உட்கார்ந்து எல்லாவற்றையும் மறுபடி எழுதினான். சடங்கு வீடியோ போனது போனதுதான்.

நாம் பெரிய எஞ்சினியர் அல்ல என்பது வாசகர்களுக்குத் தெரியும். டி.வி. ரிப்பேர்க் கடையில் பதினைந்து வயதில் ஈயம் உருக்க ஆரம்பித்து, புத்தகத்தைக் கையால் தடவித் தடவிப் படித்துக் கற்றுக்கொண்டதே நமது படிப்பு. ஆனாலும், அல்லது அதனாலேயே, இந்தச் சங்கதியை விசாரிக்க நமக்கு யோக்கியதை உண்டென்று நினைக்கின்றோம்.

முதலாவதாக, இந்த சாப்ட்வேர் என்ன செய்கின்றது? மந்திரம் ஒன்றுமில்லை. மின்சுற்றில் கம்பிகள் கூடுகின்ற ஒவ்வொரு சந்தியிலும் உள்ளே வருகின்ற மின்னோட்டமும் வெளியே போகின்ற மின்னோட்டமும் சமமாயிருக்க வேண்டும் என்று கிர்க்காஃப் என்கின்ற ஜெர்மானியர் 1845-ம் வருஷத்திலேயே சொன்னார். சந்திக்கு ஒரு சமன்பாடு. இருபது சந்தி இருந்தால் இருபது சமன்பாடு. டயோடும் டிரான்சிஸ்டரும் நேர்க்கோட்டுக்குக் கட்டுப்படாத சாமான்களாகையால், முதலில் ஒரு உத்தேச விடையைப் போட்டு, பிழை எவ்வளவு என்று பார்த்து, திருத்தி, மறுபடி பார்த்து, பிழை மிகச் சிறிதாகும் வரை சுற்றிச் சுற்றிக் கணக்குப் போடவேண்டும். பேப்பரில் போட்டால் ஒரு மாதமாகும் கணக்கைக் கம்ப்யூட்டர் கண் இமைக்கும் நேரத்தில் போடுகின்றது. அவ்வளவுதான். தப்பென்றால் தப்பென்று ஒப்புக்கொண்டு திருத்திக்கொள்ளும் இந்த முறை நமக்கு மிகவும் பிடித்த முறையாகும்.

இந்தக் கணக்கை யார் கட்டினார்கள் என்பதைத்தான் நமது பிள்ளைகளுக்கு ஒருவரும் சொல்லிக் கொடுப்பதில்லை. அமெரிக்காவில் கலிபோர்னியா சர்வகலாசாலையின் பெர்க்லி கல்லூரியில், ரோஹ்ரர் என்கின்ற ஆசிரியரின் வகுப்பில் மாணவர்கள் சேர்ந்து ஒரு நிரல் எழுதினார்கள். அதற்கு வைத்த பெயர் "கேன்சர்". பெயரைக் கேட்டுப் பயப்பட வேண்டாம். அக்காலத்தில் இப்படிப்பட்ட நிரல்களுக்குப் பணம் கொடுத்து வந்தது யுத்த இலாகா. அணுகுண்டின் கதிர்வீச்சில் மின்சுற்று தாங்குமா என்று கணக்குப் பார்ப்பதே அதற்கு வேண்டியிருந்தது. இந்த மாணவர்களோ "கதிர்வீச்சு நீங்கலாக" என்பதைப் பெயரிலேயே சேர்த்துவிட்டார்கள். யுத்தத்துக்கு எதிராகப் பிள்ளைகள் கொடுத்த ஒரு சிறு குத்து! அதே வகுப்பில் இருந்த லாரன்ஸ் நேகல் என்பவர், டொனால்டு பெடர்சன் என்கின்ற ஆசிரியரின் கீழ் அதைச் சீர்செய்து "ஸ்பைஸ்" என்று பெயரிட்டார்; 1973-ல் கனடா தேசத்து வாட்டர்லூவில் நடந்த கூட்டத்தில் அது வெளியிடப்பட்டது. 1975-ல் இரண்டாம் பதிப்பு வந்தது. 1989-ல் மூன்றாவது பதிப்பு சி மொழியில் வந்தது.

பெடர்சன் செய்த பெரிய காரியம் வேறொன்று. ஸ்பைஸை அவர் விற்கவில்லை. டேப்பில் பதிந்து கேட்டவர்களுக்கெல்லாம், பதியும் செலவை மட்டும் வாங்கிக்கொண்டு கொடுத்துவிட்டார்கள். ஆகவே இன்று உலகத்திலுள்ள மின்சுற்று சாப்ட்வேர்களில் பெரும்பாலானவற்றின் வயிற்றைக் கிழித்துப் பார்த்தால் உள்ளே பெர்க்லி பிள்ளைகளின் ஸ்பைஸ் அல்லது அதன் வாரிசு இருக்கும். 1984-ல் சொந்தக் கம்ப்யூட்டருக்கு வந்த பிஸ்பைஸ் அப்படியே. கனடாவின் டொராண்டோ நகரத்தில் படிக்கின்ற பிள்ளைகளுக்கென்று செய்யப்பட்டு, "எலக்ட்ரானிக்ஸ் ஒர்க்பெஞ்ச்" என்று பெயர் பெற்று, பின்னாளில் "மல்டிசிம்" ஆகி, 2005-ல் நேஷனல் இன்ஸ்ட்ருமெண்ட்ஸ் கம்பெனியின் கைக்குப் போனதும் அப்படியே. கம்பெனிகள் மேலே அழகான திரையும் மீட்டர் படங்களும் சேர்த்து விலை வைத்தன. உழைப்புக்கு விலை வைப்பதை நாம் ஆட்சேபிக்கவில்லை. ஆனால் ஊர்க் கிணற்றுத் தண்ணீர் எப்பொழுதும் ஊர்க் கிணற்றிலும் இருக்கின்றது என்பதை மறைத்துவிட்டு, பாட்டில் தண்ணீர் வாங்க முடியாத பிள்ளை திருடித்தான் குடிக்க வேண்டும் என்கின்ற நிலையை யார் உண்டாக்கினார்கள் என்று கேட்கின்றோம்.

நிற்க, இந்தப் போர்ட்டபிள் எப்படித் தயாராகின்றது என்பதைப் பார்ப்போம். ஒரு விலையுள்ள சாப்ட்வேரை ஒருவன் தன் கம்ப்யூட்டரில் நிறுவி, அதன் லைசென்சுப் பூட்டை உடைத்து, அதற்கு வேண்டிய கோப்புகள், பதிவுகள் அனைத்தையும் ஒரே மூட்டையாகக் கட்டுகின்றான். மூட்டை கட்டுவதற்கென்றே முறையான கருவிகள் உண்டு. "தின்ஸ்டால்" என்பது ஒன்று. அதை 2008-ல் விஎம்வேர் கம்பெனி வாங்கித் "தின்ஆப்" என்று பெயர் மாற்றியது. ஆபீசுகளுக்காக யோக்கியமாகச் செய்யப்பட்ட கருவிதான். ஆனால் அதே கருவி பூட்டு உடைப்பவன் கையிலும் கிடைக்கின்றது. மூட்டைக்குள் அவன் இன்னும் ஒன்றைச் சேர்த்துக் கட்டினால் வெளியே தெரியாது. ஆண்டிவைரஸ் கூச்சல் போட்டாலோ, "கிராக் என்றாலே அப்படித்தான் கத்தும்" என்று ஒரு சமாதானம் தயாராயிருக்கின்றது. இதில் பாதி வாஸ்தவமே. பூட்டை உடைக்கும் நிரலைக் கண்டால், அது வேறு கெடுதல் செய்யாவிட்டாலும், ஆண்டிவைரஸ் கத்தத்தான் செய்யும். ஆகவே நிஜமான புலி வரும்போதும் பிள்ளை நம்புவதில்லை. பூட்டு உடைப்பவனுக்கு வேண்டியதும் அதுதான். மேலே சொன்ன 980 டாலர் கூட்டத்தார் பெரும்பாலும் பரவியது இந்த கிராக் வழியாகவே என்பது உலகமறிந்த விஷயம்.

பென் டிரைவ் என்பதும் லேசான சாமானல்ல. 2008-ல் கிளம்பிய "கான்ஃபிக்கர்" என்னும் புழு, பென் டிரைவைச் செருகிய மாத்திரத்தில் தானே ஓடுகின்ற விண்டோசின் பழக்கத்தைப் பிடித்துக்கொண்டும் பரவிற்று. 2010-ல் கண்டுபிடிக்கப்பட்ட "ஸ்டக்ஸ்நெட்" ஈரானின் யுரேனியம் செறிவூட்டும் கூடத்தைக் கெடுக்க ஏவப்பட்டது. வலைத் தொடர்பில்லாத இடத்துக்குள் அது நுழைய உதவியது பென் டிரைவே. அந்தப் புழு ஈரானுக்கும் இந்தோனேஷியாவுக்கும் அடுத்தபடி அதிகம் காணப்பட்ட தேசங்களில் நமது இந்தியா ஒன்று. எங்கேயோ எவரோ எவருக்கோ வைத்த வேட்டு நம் வீட்டுக் கூரையில் வந்து விழுந்தது. "எங்கள் லேப்பில் இன்டர்நெட்டே கிடையாது, ஆகவே பயமில்லை" என்று சொல்லுகின்ற லேப் இன்சார்ஜ் கனவான்கள் இதை யோசித்துப் பார்க்கட்டும்.

ஆனால் போர்ட்டபிள் என்கின்ற வார்த்தையே பாவம் என்று நாம் சொல்ல வரவில்லை. சூத்திரம் போல் ஒன்றைப் பிடித்துக்கொண்டு தீண்டாமை அனுஷ்டிப்பது நம் வழக்கமல்ல. செய்தவரே நிறுவத் தேவையில்லாதபடி செய்து, தம் பெயரில், தம் தளத்திலேயே கொடுக்கின்ற சாப்ட்வேர்களும் இருக்கின்றன. அவை நல்லவையே, வசதியானவையே. கேள்வி எடுத்துச் செல்லலாமா என்பதல்ல. யார் கட்டிய மூட்டை, பூட்டு உடைத்ததா இல்லையா, இன்றைக்கும் அதைப் பழுது பார்க்க ஆள் உண்டா என்பவைதான் கேள்விகள்.

பழுது பார்ப்பது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கின்றது. பழைய சாப்ட்வேரைக் கட்டி அழுகின்ற லேப் பழைய விண்டோசையும் கட்டி அழ வேண்டியிருக்கின்றது. பதினாறு பிட்டு நிரல்கள் அறுபத்துநாலு பிட்டு விண்டோசில் ஓடா. ஆகவே எக்ஸ்பி மிஷினை அப்படியே வைத்திருக்கின்றார்கள். எக்ஸ்பிக்கு மைக்ரோசாப்ட் பழுது பார்ப்பதை 2014 ஏப்ரல் 8-ந் தேதி நிறுத்தியாய்விட்டது. விண்டோஸ் ஏழுக்கு 2020 ஜனவரி 14. விண்டோஸ் பத்துக்கும் 2025 அக்டோபர் 14-ல் பொதுவான பராமரிப்பு முடிந்தது. 2017 மே மாதத்தில் "வானாக்ரை" என்னும் பூட்டுப் புழு 150 தேசங்களில் கம்ப்யூட்டர்களை முடக்கி, இங்கிலாந்தின் ஆஸ்பத்திரிகளில் ஆபரேஷன்களைக்கூட நிறுத்தி வைத்ததே, அந்த ஓட்டைக்கு மருந்து இரண்டு மாதம் முந்தி, மார்ச்சிலேயே வந்துவிட்டது. போட்டுக்கொள்ளாதவர்கள் மாட்டினார்கள். நமது லேப்களில் புரட்டாசி, ஐப்பசியில் ஆயுத பூஜை வந்தால் மானிட்டருக்குச் சந்தனமும், சி.பி.யு.வுக்குக் குங்குமமும், கீபோர்டுக்குப் பொரியும் தவறாமல் கிடைத்துவிடுகின்றன. அப்டேட் மட்டும் கிடைப்பதில்லை.

இனிப் பழைய சாப்ட்வேரின் கட்சியையும் கேட்போம். எதிர்க் கட்சியைக் கேளாமல் தீர்ப்பு எழுதுவது நமக்குப் பழக்கமில்லை. அதன் கட்சியில் நியாயம் இருக்கின்றது. ஒர்க்பெஞ்ச் போன்றவற்றில் திரையில் நிஜமான ஆசிலாஸ்கோப் போலவே குமிழும் திருகும் உள்ள படம் இருக்கின்றது; மல்டிமீட்டர் இருக்கின்றது. லேப்பில் ஒரு ஆசிலாஸ்கோப்பை எட்டுப் பேர் சுற்றி நின்று எட்டிப் பார்க்கும் பிள்ளைக்கு, தனக்கென்று ஒன்று திரையிலாவது கிடைப்பது பெரிய பாக்கியமே. பழைய குறைந்த பலமுள்ள மிஷினிலும் அது சுறுசுறுப்பாய் ஓடும். நமது சிலபஸ்களில் இன்னும் 741 ஆப்-ஆம்ப்தான் குடியிருக்கின்றது. அது 1968-ல் வந்த சாமான். அதற்குப் பழைய சாப்ட்வேர் சொல்லும் விடையும் புதிய சாப்ட்வேர் சொல்லும் விடையும் ஏறக்குறைய ஒன்றேதான். கிர்க்காஃபின் விதி எக்ஸ்பியில் ஒன்று, லினக்சில் ஒன்று என்று மாறிவிடாது. ஆகவே "பழசு தப்பு விடை சொல்லும்" என்று பயமுறுத்துகின்றவர்களோடு நாம் சேரவில்லை. புதிய மாஸ்ஃபெட், புதிய பவர் சப்ளை ஐ.சி. முதலியவற்றின் மாதிரிகளை அவற்றைச் செய்யும் கம்பெனிகள் இன்று ஸ்பைஸ் கோப்பாகவே வெளியிடுகின்றன; பழையதில் அவற்றை ஏற்றுவது பெரும்பாடு. அது ஒரு குறை. பெரிய குறை மூட்டை கட்டியவனுடையதே.

அப்படியானால் மாற்று என்ன? ஒன்றல்ல, பல இருக்கின்றன, பைசா செலவில்லை. லீனியர் டெக்னாலஜி என்னும் கம்பெனி 1999 முதல் கொடுத்து வரும் "எல்டிஸ்பைஸ்" முதலாவது. மைக் எங்கல்ஹார்ட் என்பவர் எழுதியது. அந்தக் கம்பெனியை 2017-ல் அனலாக் டிவைசஸ் வாங்கிக்கொண்டது. இன்றும் அதன் தளத்தில் இனாமாகவே கிடைக்கின்றது. உலகமெங்கும் தொழில் செய்கிற எஞ்சினியர்கள் மேஜையிலேயே அதுதான் இருக்கின்றது. பார்வைக்கு அழகில்லை என்பது வாஸ்தவம். ஆனால் மூலநிரல் திறந்ததல்ல. கம்பெனி தன் சாமானை விற்பதற்காகக் கொடுக்கின்ற இனாம் என்பதையும் மறக்க வேண்டியதில்லை.

மூலநிரலும் திறந்தது வேண்டுமானால், பெர்க்லியின் மூன்றாம் ஸ்பைஸின் நேர் வாரிசு "என்ஜிஸ்பைஸ்". அதைத் தனியே ஓட்டினால் படம் வரைய முடியாது, எழுத்தில்தான் சொல்லவேண்டும். ஆனால் 2018-ல் வந்த ஐந்தாம் பதிப்பிலிருந்து "கைகாட்" என்னும் வரைபட சாப்ட்வேர் அதைத் தன் உள்ளேயே வைத்துக்கொண்டிருக்கின்றது. கைகாட் 1992-ல் பிரான்சு தேசத்து ஜான் பியேர் ஷராஸ் என்கின்ற ஆசிரியர் ஆரம்பித்தது. பின்பு ஐரோப்பாவின் செர்ன் ஆராய்ச்சிக்கூடத்தாரும் அதற்குக் கைகொடுத்தார்கள். நமது தேசத்திலேயே பம்பாய் ஐ.ஐ.டி.யில், மத்திய சர்க்கார் பணத்தில் நடைபெறும் "ஃபாசி" என்கின்ற திட்டத்தார், கைகாட், என்ஜிஸ்பைஸ் இரண்டையும் சேர்த்துப் பின்னி "ஈசிம்" என்று ஒன்றைச் செய்திருக்கின்றார்கள். முதலில் ஆஸ்காட் என்று பெயர். அதே ஐ.ஐ.டி.யின் ஸ்போக்கன் டியூட்டோரியல் திட்டத்தில் பல சாப்ட்வேர்களுக்குத் தமிழிலும் பாடம் பேசிப் பதிந்து வைத்திருக்கின்றார்கள். நம் வரிப் பணத்தில் நமக்கென்று சமைத்து, இலை போட்டு, தமிழில் கூப்பிடுகின்றார்கள். நமது பிள்ளைகளோ பக்கத்துத் தெருவில் எச்சில் இலைக்கு வரிசையில் நிற்கின்றார்கள்!

முதல் வருஷப் பிள்ளைக்கு நாம் சொல்லுவது ஃபால்ஸ்டாட்டின் மின்சுற்றுப் பக்கமேயாகும். பிரவுசரில் திறந்தால் போதும். மின்னோட்டம் மஞ்சள் புள்ளிகளாய்க் கம்பியில் நகருவது கண்ணுக்குத் தெரியும். அழுத்தம் கூடினால் பச்சை, கீழே போனால் சிவப்பு. கெப்பாசிட்டர் நிரம்ப நிரம்பப் புள்ளிகள் மெதுவாகி நிற்பதைப் பார்த்துவிட்டு, நமக்கே முப்பது வருஷம் கழித்து ஒரு சந்தேகம் தீர்ந்தது என்பதை வெட்கமின்றிச் சொல்லிக்கொள்ளுகின்றோம். இந்தப் பக்கத்தின் சரித்திரமே நமது வாதத்துக்கு ஒரு சாட்சி. முதலில் அது ஜாவா ஆப்லெட்டாக இருந்தது. பிரவுசருக்குள் ஜாவா ஓடுவது ஆபத்து என்று ஏற்பட்டு, 2015-ல் குரோம் பிரவுசர் அந்தக் கதவை அடைத்தது. "என் முன்னோர் வைத்த வழி" என்று அவர்கள் ஒப்பாரி வைக்கவில்லை. அதையே ஜாவாஸ்கிரிப்டில் மாற்றி எழுதிவிட்டார்கள். லாஜிக் கேட்டுகளுக்கு பெங்களூர் ஐ.ஐ.ஐ.டி. மாணவர்கள் ஆரம்பித்த "சர்க்யூட்வெர்ஸ்" இருக்கின்றது. ஆர்டுயினோ முதலிய மைக்ரோகன்ட்ரோலரோடு ஓட்டிப் பார்க்க "சிமுல்ஐடிஇ" இருக்கின்றது. அது நிறுவாமலே ஓடக்கூடியது, அதாவது யோக்கியமான போர்ட்டபிள்.

இவைகளும் தெய்வங்களல்ல. 2017 ஆகஸ்டில் "சிகிளீனர்" என்னும் சாப்ட்வேரின் உத்தியோகபூர்வமான கோப்பிலேயே திருடர்கள் நுழைந்து, இருபது லட்சத்துக்கு மேற்பட்டவர்களுக்குப் போய்ச் சேர்ந்தது. ஆனால் அங்கே செப்டம்பரிலேயே கண்டுபிடித்து, ஊரறியச் சொல்லி, திருத்தமும் கொடுத்தார்கள். பென் டிரைவ் மூட்டையில் ஊரறியச் சொல்லுவதற்கு ஆளேது? பிரவுசர் வழியாக வருவதற்கு வேறொரு குறை: நடத்துகிறவர் கடையைக் கட்டினால் நம் வேலையும் போய்விடும். ஆகவே பிரதி எடுத்து வைக்கவேண்டும். தேடும்போது முதலில் வருகின்ற விளம்பரத்தை அமுக்காமல், செய்தவரின் சொந்தத் தளத்துக்கே போகவேண்டும். அங்கே "எஸ்எச்ஏ-256" என்று ஒரு நீண்ட எண் கொடுத்திருந்தால், இறக்கிய கோப்பின் எண்ணோடு ஒப்பிட்டுப் பார்க்கவேண்டும். விண்டோசில் "செர்ட்யூட்டில்" என்கின்ற கட்டளையே இதைச் செய்யும். ஒரு நிமிஷ வேலை. பழைய கோப்பு ஒன்றைப் பழைய சாப்ட்வேரில்தான் திறந்தாக வேண்டும் என்கின்ற நிர்ப்பந்தமிருந்தால், காசு கொடுத்து வாங்கிய பிரதியை, வலைத் தொடர்பு அறுத்த ஒரு மெய்நிகர் மிஷினுக்குள் அடைத்துத் திறந்து பார்த்துவிட்டு மூடட்டும்.

நாம் பேசிப் பார்த்த ஆசிரியர்கள் சிலர், "லேப் மேனுவலில் அந்தப் பெயர்தானே அச்சடித்திருக்கின்றது, எக்ஸ்டர்னல் கேட்டால் என்ன சொல்லுவது?" என்றார்கள். மேனுவல் வேதமல்ல. அதை எழுதியவர்களும் இன்னொரு கல்லூரியின் மேனுவலைப் பார்த்து எழுதினவர்களே. சில மேனுவல்களில் முதல் படிக்கட்டளையே இன்றைய மிஷின்களில் இல்லாத ஒரு மெனுவை அமுக்கச் சொல்லுகின்றது. "கம்பெனியில் இதைத்தானே கேட்பார்கள்?" என்பது மற்றொரு வாதம். கேட்கின்ற கம்பெனி லைசென்சு வாங்கி வைத்திருக்கும்; கற்றுக்கொள்ள ஒரு வாரம் போதும். கிராக் வைத்து வேலை செய்தவன் என்று தெரிந்தால் உள்ளேயே விடமாட்டார்கள். அதோடு 1957-ம் வருஷத்துக் காப்புரிமைச் சட்டத்தின் 63-பி பிரிவு, திருட்டுப் பிரதி என்று தெரிந்தே கம்ப்யூட்டரில் பயன்படுத்தினால் ஏழு நாளுக்குக் குறையாமல் மூன்று வருஷம் வரை சிறையும், ஐம்பதாயிரம் முதல் இரண்டு லட்சம் வரை அபராதமும் என்கின்றது. சட்டத்தைக் காட்டி ஏழைப் பிள்ளையை மிரட்டுவது நமது நோக்கமல்ல. முதலாவது குற்றவாளி, லைசென்சு வாங்காமலும், இனாமாகக் கிடைப்பதைச் சொல்லிக் கொடுக்காமலும், வருஷா வருஷம் லேப் கட்டணம் மட்டும் வாங்குகின்ற நிர்வாகமே.

2011 முதல் தமிழ்நாட்டு சர்க்கார் லட்சக்கணக்கான மாணவர்களுக்கு இலவச லேப்டாப் கொடுத்தது. அதில் விண்டோசோடு கூட, சி-டாக் ஸ்தாபனத்தார் செய்த "பாஸ்" லினக்சும் வைத்துத்தான் கொடுத்தார்கள். திறந்தவுடன் எந்தக் கதவு வேண்டும் என்று அது கேட்கும். நமக்குத் தெரிந்து அந்த இரண்டாவது கதவைத் திறந்து பார்த்த பிள்ளைகள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்களே. திறந்தால் என்ன ஆகும் என்று சொல்லிக் கொடுக்க ஆளில்லை, ஆகவே பயம். அந்தக் கதவுக்குள்ளே ஒரு வரியில் என்ஜிஸ்பைஸை வரவழைத்திருக்கலாம்.

கடைசியாக இன்னொரு சங்கதி. சாப்ட்வேர் பழையதோ புதியதோ, திரையில் வந்த விடையையே கும்பிடுகின்ற வியாதி பரவி வருகின்றது. ஸ்பைஸில் ஒரு சிறு டிரான்சிஸ்டரில் ஆயிரம் ஆம்பியர் விட்டாலும் அது முனகாது, புகையாது, விடையை அச்சடித்துக் கொடுக்கும். அதே சாமானை நமது கடை மேஜையில் வைத்து ஒரு ஆம்பியர் விட்டால் வாசனை தெருமுனை வரை வரும். ஒரு பெண் பிள்ளை, மேலூர்க்காரி, ஆசிலேட்டர் ஒன்றை வரைந்து ஓட்டிப் பார்த்து, அலை வரவில்லையே, என் சர்க்யூட் தப்பு என்று கண் கலங்கி வந்தது. நாம் சாமான்களை எடுத்துப் பிரெட்போர்டில் குத்தி பேட்டரி கொடுத்தோம், ஓடிற்று. காரணம் என்னவெனில், நிஜமான கம்பியில் எப்பொழுதும் ஒரு சிறு இரைச்சல் இருக்கும். அதைப் பிடித்துக்கொண்டு அலை வளரும். கணக்கில் அந்த இரைச்சல் கிடையாது. நாம்தான் ஆரம்பத்தில் ஒரு சிறு தள்ளு கொடுக்கவேண்டும். அந்தப் பெண் அடுத்த முறை அந்தத் தள்ளைக் கொடுத்து ஓட்டியதோடு, எவ்வளவு கொடுத்தால் எவ்வளவு நேரத்தில் வளருகின்றது என்று ஒரு அட்டவணையும் போட்டுக்கொண்டு வந்து காட்டிற்று. அதை ரெக்கார்டு நோட்டில் எழுதியதற்கு, "மேனுவலில் இல்லாததை ஏன் எழுதினாய்?" என்று ஒரு மார்க் குறைத்தார்களாம்.

உசிலம்பட்டிப் பையன் இப்பொழுது எல்டிஸ்பைஸும் ஈசிமும் பழகிவிட்டான். தன் ஊரில் படிக்கின்ற நாலு பிள்ளைகளுக்கும் ஏற்றிக் கொடுத்திருக்கின்றான். எஸ்எச்ஏ எண்ணை அவர்களையே ஒப்பிட வைத்த பிறகுதான் கொடுத்தானாம். வாசகர்கள் தங்கள் தங்கள் பிள்ளைகளின் லேப் மேனுவலை வாங்கி, அதில் எந்த சாப்ட்வேர், எந்த வருஷத்துப் பதிப்பு அச்சடித்திருக்கின்றது, கல்லூரி அதற்கு லைசென்சு வைத்திருக்கின்றதா என்பதைக் கேட்டு நமக்கு எழுதட்டும். வந்ததை வந்தபடி பிரசுரிப்போம். கல்லூரியார் பதில் அனுப்பினால் அதையும் பிரசுரிப்போம்.